ஆளுக்குப் பாதி வீடு

"பாதி வீடுன்னா எந்தப் பாதி?" என்று கேட்டார் ஞானதாஸ், பொன்னேரியில் பத்திரம் எழுதுபவர்.

சகாதேவனுக்குக் கேள்வியே புரியவில்லை. கோட்டைக்குப்பத்துப் பூர்வீக வீட்டில் தன் பாதியைத் தங்கை ஜமுனாவுக்குத் தானமாக எழுதிவைக்க வந்திருந்தான். புருஷன் கைவிட்டு, இரண்டு பெண் பிள்ளைகளோடு திரும்பி வந்தவள் அவள். ஏரியில் இறங்கிக் கையால் தடவி இறால் பிடித்துத்தான் பிள்ளைகளைப் படிக்க வைக்கிறாள். நாளைக்குத் தனக்கு ஒன்று ஆகிவிட்டால் அவளை யாரும் வெளியே போகச் சொல்லிவிடக் கூடாது. அதுதான் அவன் கவலை.

பாகம் பிரிக்காத குடும்பச் சொத்தை, மற்ற பங்குக்காரர் சம்மதம் இல்லாமல் ஒருவர் தானம் கொடுத்தால் செல்லாது என்றார் ஞானதாஸ்.

"இன்னா சார் இது? ஏரில என் பாடு வர்ற அன்னிக்கு நானும் வலை போடலாம், இன்னொருத்தருக்கும் வுட்டுத் தரலாம். யாரும் கையெழுத்து கேக்க மாட்டாங்க."

"அது தண்ணி. இது தரை."

ஏரியில் குறித்த இடத்தில் வலை போட ஆள்மாற்றி ஆளுக்கு வரும் முறைதான் பாடு. அது ஆண்களுக்கு மட்டுமே வரும். அந்தக் கணக்கில் பழகியவனுக்குப் பங்குக்காரர் என்றதும் தம்பி சுபாஷ் முகம் மட்டுமே தெரிந்தது.

கேட்டால் தம்பி மறுப்பான் என்று பயந்து, தானே பாகம் பிரிக்கத் தீர்மானித்தான். வீட்டின் குறுக்கே வலைக்கயிற்றைக் கட்டி அளந்து, ஞானதாஸை வற்புறுத்தித் தன் பாதியை எழுதக் கொடுத்தான். கயிறு சுபாஷ் குடும்பத்து அடுப்புக்கு மேலே போனது. சுபாஷின் மனைவி கலைவாணி அதில் ஈரத்துணியைக் காயப்போட்டாள்.

ஏரியிலிருந்து வந்த சுபாஷ் விஷயத்தைக் கேட்டுவிட்டு அண்ணன் முன்னால் வந்து நின்றான்.

"ஜமுனா உனக்கு மட்டுந்தான் தங்கச்சியா? எனக்கு இன்னா, பக்கத்து வூட்டுப் பொண்ணா?"

மறுநாளே அவனும் ஞானதாஸிடம் போய்த் தன் பாதியை எழுதக் கொடுத்தான். இருவர் எழுதிய பாதியிலும் சமையலறை இருந்தது.

பதிவு அலுவலகத்தில் இரண்டையும் நிறுத்தி வைத்துவிட்டார்கள். பங்குக்காரர் ஒருவர் ஆட்சேபம் கொடுத்திருக்கிறாராம். அண்ணன் தம்பியைப் பார்த்தான். தம்பி அண்ணனைப் பார்த்தான். யார் என்று கேட்க இருவருக்கும் தோன்றவில்லை.

தம்பியைச் சமாதானப்படுத்த, அந்த வாரம் வந்த தன் பாட்டை அவனுக்கு விட்டுக்கொடுத்தான் சகாதேவன்.

"தங்கச்சிக்கு வூடு குடுக்க வுடமாட்ட. எனக்கு இறாலைக் குடுத்து வாயை அடைக்கிறியா?" என்று கேட்ட சுபாஷ் ஏரிப்பக்கமே போகவில்லை. கொடுத்ததைத் திரும்ப எடுக்கக் கூடாதென்று சகாதேவனும் போகவில்லை. நல்ல இறால் ஓட்டத்தில் அந்த இடத்தில் மட்டும் வலை விழவில்லை.

பிடுங்கிக்கொள்ள அடித்துக்கொள்ளும் பங்காளிகளைத்தான் குப்பம் பார்த்திருந்தது. கொடுப்பதற்கு அடித்துக்கொள்பவர்களைப் பார்த்ததில்லை. முதலில் சிரித்தார்கள். பிறகு அந்த வீட்டைக் கடக்கும்போது குரலைத் தாழ்த்திக்கொண்டார்கள். கடைசியில், ஆட்சேபத்தை வாபஸ் வாங்கிவிட்டு வரச் சொல்லி இருவரையும் சேர்த்தே பொன்னேரிக்கு அனுப்பினார்கள். ஜமுனா ஒரே தூக்குவாளியில் இருவருக்கும் சோறு கட்டிக் கொடுத்தாள்.

பேருந்தில் தனித்தனி இருக்கையில் போனார்கள். தூக்கை யார் வைத்துக்கொள்வது என்பதில் மட்டும் ஒருமுறை பேச வேண்டியிருந்தது.

பதிவு அலுவலகத்தில் தேவகி என்ற ஊழியர் இருந்தார்.

"என் தம்பி வாபஸ் வாங்கிக்குவான்மா" என்றான் சகாதேவன்.

"அண்ணன்தான்மா வாங்கணும்" என்றான் சுபாஷ்.

தேவகி கணினியைப் பார்த்துவிட்டு நிமிர்ந்தார்.

"நீங்க ரெண்டு பேருமே வாங்க முடியாதுங்க. ஆட்சேபம் குடுத்தது உங்க தங்கச்சி. 'வீட்டுல மூணுல ஒரு பங்கு ஏற்கெனவே எனக்குச் சொந்தம், அது போதும், எங்க அண்ணனுங்க அவங்க பங்கையும் குடுத்துட்டுத் தெருவுல நிக்கக் கூடாது'ன்னு சொல்லிட்டுப் போனாங்க."