பாம்பு என்று கத்தக் கூடாது

மனித குலத்தின் நாக்கைச் சீர்படுத்தியவர்கள் இதுவரை இரண்டே பேர். முதன்முதலில் பேசக் கற்றுக்கொடுத்தவர் ஒருவர். அவர் பெயர் எங்கும் பதிவாகவில்லை. மற்றவர் திருவாளர் துளசிராமன், பி.ஏ., கும்மிடிப்பூண்டியில் எங்கள் இரும்பு உருட்டாலையின் பணியாளர் நல அதிகாரி. முதலாமவர் விட்டுப்போன பிழைகளைத் திருத்துவதற்காக எழுபத்து மூன்றாம் ஆண்டு இரண்டாமவர் வந்து சேர்ந்தார்.

அவருடைய நலத்திட்டத்தைப் பற்றி எழுதும் தகுதி எனக்கு உண்டு என்றே நினைக்கிறேன். அந்தத் திட்டத்தால் என் குடும்பம் அடைந்த அளவுக்குப் பயனை வேறு எந்தக் குடும்பமும் அடையவில்லை.

முதலில் ஆலையைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். பழைய தண்டவாளத் துண்டுகளை உலையில் போட்டுப் பழுக்கக் காய்ச்சுவார்கள். அந்தத் துண்டு சுழலும் இரண்டு உருளைகளுக்கு நடுவே புகுந்து, மறுபக்கம் நீளமாக வெளியே வரும். அங்கே ஓர் ஆள் இடுக்கியால் அதன் தலையைப் பிடித்து அடுத்த உருளைக்குள் திருப்பிவிட வேண்டும். போகப் போகக் கம்பி மெலியும், நீளும், வேகம் கூடும். என் கணவர் மணவாளனுக்கு இந்த இடுக்கி வேலைதான்.

எப்போதாவது கம்பி உருளைக்குள் நுழையாமல் முட்டிக்கொண்டு எகிறும். சிவக்கச் சிவக்க நெளிந்து, எந்தப் பக்கம் போகிறோம் என்று தனக்கே தெரியாமல் பாயும். அதை முதலில் பார்ப்பவன் "பாம்பு" என்று கத்துவான். கேட்டவன் திரும்பிப் பார்க்கக் கூடாது. நின்ற இடத்திலிருந்து இடது பக்கத் தூணுக்குப் பின்னால் குதிக்க வேண்டும். எங்கே, யார், எப்படி எல்லாம் பிறகுதான். இதை யாரும் எழுதி ஒட்டவில்லை. புது ஆள் சேர்ந்தால் மேஸ்திரி அவன் காதருகே வந்து நேரங்கெட்ட நேரத்தில் கத்துவார். பீடி பற்றவைக்கும்போது கத்துவார். ஒன்றுக்குப் போகும்போது கத்துவார். அவ்வளவுதான் பயிற்சி.

மணவாளன் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது நானும் ஒருமுறை சொல்லிப் பார்த்தேன். தட்டு ஓர் இடத்தில் கிடந்தது. ஆள் கதவுக்குப் பின்னால் இருந்தார்.

"இன்னாடி சம்பூர்ணம், சோறு துன்றப்போ விளையாட்டு?"

"வேலைக்கு ஆவுறியான்னு பாத்தேன்யா."

இப்படி அநாகரிகமாக நடந்துகொண்டிருந்த ஆலைக்குப் பம்பாயிலிருந்து இயக்குநர் ஒருவர் வந்தார். கண்ணாடி அறைக்குள் நின்று அவர் வேலையைப் பார்த்துக்கொண்டிருந்தபோது ஒரு கம்பி எகிறியது. யாரோ கத்தினார்கள். ஆட்கள் தூண்களுக்குப் பின்னால் போனார்கள். இயக்குநர் மேசைமேல் போனார். பாம்பு இல்லை, வெறும் கம்பிதான் என்று விளக்கிச் சொன்னதும் நிம்மதியாக இறங்கினார். அந்தக் கம்பிக்குப் பாம்பு எவ்வளவோ மேல் என்று யாரும் அவரிடம் சொல்லவில்லை.

இந்த நிலைமையை உடனே சரிசெய்யும்படி உத்தரவு வந்தது. உருளையை மாற்றச் செலவாகும் என்பதால் வார்த்தையை மாற்றுவதென்று தீர்மானமாயிற்று.

அதற்கான கூட்டத்தில் துளசிராமன் நிகழ்த்திய உரையை மணவாளன் வீட்டில் அப்படியே நடித்துக் காட்டினார். "மனம் என்பது ஈர மண். ஒரே சொல் அதில் திரும்பத் திரும்ப விழுந்தால் தடம் பதியும். பாம்பு, விபத்து, ஆபத்து என்று ஓயாமல் கேட்கிறவன் வாழ்க்கையில் அவைதான் நடக்கும். சிறு தடங்கல் என்று கேட்கிறவனுக்குச் சிறு தடங்கல்தான் ஏற்படும். இது மேனாட்டு ஆராய்ச்சி."

இனிமேல் கம்பி எகிறினால் சொல்ல வேண்டிய வாசகத்தையும் அவரே அருளினார்: "கவனம், சிறு தடங்கல் ஏற்பட்டுள்ளது."

உருளையின் எதிர்ப்பக்கம் வேலை செய்யும் செங்கல்வராயன் எழுந்தாராம். மணவாளனின் கூட்டாளி அவர்.

"சார், கம்பி வர்ற வேகத்துல அம்மாம் நீட்டு சொல்ல முடியாது சார்."

"பழகினால் முடியும். பழக்கம்தான் மனிதன்."

"நாங்க பழகிக்குவோம் சார். கம்பி பழகிக்குமா?"

தொழிலாளர்கள் கலந்துரையாடலில் ஆர்வத்துடன் பங்கேற்றதாகக் கூட்ட அறிக்கை சொன்னது.

மறுவாரமே கூம்பு ஒலிபெருக்கிகள் முளைத்தன. வாசல் கேட்டில் ஒன்று, கேன்டீனில் ஒன்று, உலைக்கு எதிரே ஒன்று, எங்கள் லைன் வீடுகளை ஒட்டிய தண்ணீர்த் தொட்டிமேல் ஒன்று. மதராஸில் யாரோ ஒரு பெண்ணைப் பேசவைத்துப் பதிவு செய்துகொண்டு வந்திருந்தார்கள். "கவனம், சிறு தடங்கல் ஏற்பட்டுள்ளது" என்று அவள் காலையிலிருந்து இரவு வரை சொல்லிக்கொண்டிருந்தாள். அப்படி ஒரு குரல். பாயசம் பரிமாறும்போது "இன்னும் கொஞ்சம்" என்று சொல்வார்களே, அந்தக் குரல். அடுத்த வீட்டில் அதைக் கேட்கவைத்துத்தான் குழந்தையைத் தூங்கவைத்தார்கள்.

வாய் தவறிப் பழைய சொல்லைக் கத்தியவனுக்கு அபராதம் கிடையாது. நிர்வாகம் அவ்வளவு கொடுமையானதல்ல. சாப்பாட்டு நேரத்தில் ஒலிவாங்கிக்கு முன்னால் நின்று புதிய வாசகத்தை நூறு முறை சொன்னால் போதும். செங்கல்வராயன் மற்றவர்களைவிட அதிகமாக நின்றார். மற்றவர்கள் சோறு தின்றுகொண்டே அவர் குரலையும் கேட்டார்கள்.

திட்டத்தின் வெற்றி ஆலைச் சுவரோடு நிற்கவில்லை. பழவேற்காட்டிலிருந்து மீன் கூடையோடு வரும் அங்காளம்மாளிடம் ஒருநாள் கேட்டேன்.

"இன்னா அங்காளம்மா, நேத்து குடுத்த எறா நாறுது?"

"நாறலமா. சின்னதா ஒரு தடங்கல்."

"ஊடே நாறுதுன்றேன்."

"நீ கவனமா ஆக்கணும். அதான் அந்தப் பொண்ணு தெனம் சொல்லுதே, கவனம் கவனம்னு."

பள்ளிப் பரீட்சையில் தவறிய பிள்ளைகள் தடங்கலானார்கள். நிச்சயம் செய்த பெண்ணை விட்டுவிட்டு சூளூர்பேட்டைக்கு ஓடிப்போன மாப்பிள்ளை தடங்கலானான். மதராஸ் ரயில் வராத நாளில் ஸ்டேஷனில் யாரும் பேஜாராகவில்லை. ஒருவர் மாற்றி ஒருவர் வாசகத்தைச் சொல்லிக்கொண்டு வீட்டுக்குத் திரும்பினார்கள். மணவாளன் கையில் கட்டோடு வந்தார்.

"இன்னாயா இது?"

"கவனம். சிறு தடங்கல்."

சிரித்துக்கொண்டேதான் சொன்னார். முதலில் எல்லாரும் சிரித்துக்கொண்டுதான் சொன்னோம். பிறகு சிரிப்பு உதிர்ந்துவிட்டது, சொல் மட்டும் தங்கிவிட்டது.

அந்த ஆண்டு ஆலையில் ஒரு விபத்தும் நடக்கவில்லை. சிலருக்கு விரல்கள் தடங்கலாயின. ஒருவருக்குக் கண். துளசிராமன் அறையில் 'விபத்தில்லா ஆலை' என்று ஒரு கேடயம் தொங்கியது.

கார்த்திகை மாதம், மழை விட்டிருந்த ஒரு பகல். மணவாளன் தேய்ந்துபோன இடுக்கியைப் போட்டுவிட்டு வேறொன்றை எடுக்க, உருளைக்கு முதுகைக் காட்டிக் குனிந்திருக்கிறார். கம்பி எகிறியது. எதிர்ப்பக்கத்திலிருந்து செங்கல்வராயன் அதைப் பார்த்தார்.

நான் அப்போது அரிசி களைந்துகொண்டிருந்தேன். தொட்டிமேல் அந்தப் பெண் வழக்கம்போலச் சிறு தடங்கல் ஏற்பட்டுள்ளது என்றாள். அவள் எப்போதும் சொல்வதுதான். நான் இரண்டாம் தண்ணீரை வடித்தேன்.

எல்லாம் முடிந்த பிறகு செங்கல்வராயன் வந்து வாசலில் உட்கார்ந்தார். உள்ளே வரமாட்டேன் என்றார்.

"அண்ணி, நான் பாத்தேன் அண்ணி. வாயத் தொறந்தேன். 'கவனம், சிறு தடங்கல் ஏற்பட்டுள்ளது'ன்னுதான் வந்துச்சி. நடுவுல நிறுத்தக்கூட முடியல. முழுசா வந்துச்சி, அந்தப் பொம்பள சொல்ற மாதிரியே."

"அவருக்குக் கேட்டுச்சா?"

"கேட்டுது. கேட்டுட்டு, இடுக்கிய எடுத்துக்கினே, 'ஆவட்டும்'னாரு."

துளசிராமனும் வந்தார். நாற்காலியில் உட்காராமல், செருப்பைக் கழற்றிவிட்டு, கைகட்டி நின்றார். நல்ல பண்பு. "அம்மா, உங்கள் கணவர் விஷயத்தில் நேர்ந்த சிறு..." என்று தொடங்கி நிறுத்தினார். துக்கத்தில் நாக்கு எழவில்லை என்று நினைத்தேன். அவர் பொருத்தமான சொல்லைத் தேடிக்கொண்டிருந்தார். "...சற்றே பெரிய தடங்கலுக்கு நிர்வாகம் வருந்துகிறது" என்றார்.

கேடயத்தை யாரும் கழற்றவில்லை. கழற்றும்படியாக எதுவும் நடக்கவில்லையே.

எனக்குக் கேன்டீனில் வேலை கொடுத்தார்கள். சாம்பார் வாளியோடு பெஞ்சுகளுக்கு நடுவே போய்வர வேண்டும். முப்பதாம் நாள் காரியம் முடிந்து, வேலைக்குச் சேர்ந்த அன்று சுற்றிலும் பார்த்தேன். உலைப்பக்கத்து ஆட்கள் எல்லாரும் குனிந்து தின்றுகொண்டிருந்தார்கள். தலைக்குமேல் அந்தப் பெண் சொல்லிக்கொண்டிருந்தாள். ஒருவரும் நிமிரவில்லை. இவர்களில் அடுத்து யார் "ஆவட்டும்" என்று சொல்லப்போகிறார் என்று ஒரு கணம் ஒவ்வொரு முதுகாகப் பார்த்தேன்.

பிறகு துளசிராமனின் கொள்கையை நான் முழு மனத்தோடு ஏற்றுக்கொண்டேன். மனம் ஈர மண்தான். திரும்பத் திரும்ப விழ வேண்டும்.

வாளியை இறக்கிவைத்துவிட்டு, "பாம்பு" என்றேன்.

இரண்டு மூன்று பேர் குதித்தார்கள். மற்றவர்கள் பைத்தியம் பிடித்துவிட்டது என்பதுபோல என்னைப் பார்த்தார்கள். செங்கல்வராயன் மட்டும் எழுந்து போய்த் தூணைப் பிடித்துக்கொண்டு நின்றார். மெதுவாகத்தான் போனார். ஆனால் போனார்.

மறுநாள் மோர் ஊற்றும்போது சொன்னேன். அடுத்த நாள் சொல்லவில்லை. அதற்கடுத்த நாள் கைகழுவும் இடத்தில் சொன்னேன். பெஞ்சுகள் கவிழ்ந்தன, டம்ளர்கள் உருண்டன. பழைய ஆட்கள் புதியவர்களைக் கேலி செய்தார்கள்: "தூணு இந்தாண்ட கீது நைனா. அங்க போனீன்னா நேரா மேலோகம்தான்." சில மாதத்தில் அவர்களே ஒருவர்மேல் ஒருவர் சொல்லத் தொடங்கிவிட்டார்கள். துளசிராமனுக்கு இது தெரியாது. அவருடைய சாப்பாடு கேரியரில் அவர் அறைக்குப் போய்விடும். சாம்பார் ஏன் இவ்வளவு செலவாகிறது என்று மேலிடத்திலிருந்து கேட்டார்கள். சிறு தடங்கல் என்று பதில் அனுப்பினோம், ஏற்றுக்கொண்டார்கள்.

உலைப்பக்கம் ஒலிபெருக்கி தன் வேலையைச் செய்தது. அதன் கீழே ஆட்கள் பழைய சொல்லைக் கத்தினார்கள். மேஸ்திரி யார் பெயரையும் மேலே எழுதி அனுப்பவில்லை. கம்பி மறுபடியும் எகிறியது, பல தடவை. தூண்களுக்குத்தான் சூடு பட்டது.

எழுபத்தைந்தின் நடுவில் துளசிராமனுக்குப் பதவி உயர்வு வந்தது. பம்பாய்க்குப் போய், நாடெங்கும் உள்ள கிளை ஆலைகள் அனைத்திலும் இதே திட்டத்தை நிறுவ வேண்டும். ஆலை முற்றத்தில் பந்தல் போட்டு வழியனுப்பு விழா. திட்டத்தால் பயனடைந்த குடும்பத்தின் சார்பில் நான் நன்றி சொல்ல வேண்டும் என்றார்கள். என்ன சொல்ல வேண்டும் என்பதைத் துளசிராமனே எனக்குச் சொல்லிக்கொடுத்தார். "ஒலிபெருக்கியில் வருகிற அந்தப் பெண்ணைப் போலப் பதறாமல், இனிமையாகச் சொல்லுங்கள் அம்மா" என்றார்.

மேடையில் அவருக்கு ரோஜா மாலை போட்டிருந்தார்கள். பக்கத்தில் கேடயம். எதிரே மூன்று ஷிப்டு ஆட்களும் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். நான் ஒலிவாங்கியின் முன்னால் போய் நின்றேன்.

"பெருமதிப்பிற்குரிய நல அதிகாரி அவர்களே. ஒரு சொல்லை ஓயாமல் கேட்டால் அது நம் உடம்பில் ஊறிவிடும் என்று எங்களுக்குக் கற்றுக்கொடுத்தீர்கள். அது உண்மை என்று இங்கே எல்லார் முன்னிலையிலும் மெய்ப்பிக்க விரும்புகிறேன்."

அவர் மகிழ்ச்சியோடு தலையசைத்தார்.

"பாம்பு" என்றேன். பதறாமல், இனிமையாகத்தான் சொன்னேன்.

மூன்று ஷிப்டும் இடது பக்கம் போயிற்று. நாற்காலிகள் சரிந்தன, பந்தல் ஆடியது. ஒரு நொடியில் முற்றம் காலியாகி, ஒவ்வொரு பந்தல் காலுக்குப் பின்னாலும் பத்துப் பேர் ஒட்டிக்கொண்டிருந்தார்கள். ஒருவர்கூடத் திரும்பிப் பார்க்கவில்லை. கொள்கை ஐயந்திரிபற நிரூபணமாயிற்று.

மேடையில் ஒருவர் மட்டும் இரண்டு கால்களையும் நாற்காலிமேல் தூக்கிவைத்துக்கொண்டு, மாலை தொங்கக் குனிந்து, கீழே பலகையில் தேடிக்கொண்டிருந்தார்.

"எங்கே? எங்கே பாம்பு?"

பந்தல் கால் ஒன்றின் பின்னாலிருந்து செங்கல்வராயன் பதில் சொன்னார்.

"மில்லு உள்ள கீது சார். நீங்க வர்றதுக்கு முன்னாலேந்தே கீது. நீங்கதான் ஒரு தபா கூட வந்து பாக்கல."