டாக்டரை மொத்தமா பேரம் பேசினேன்

பண்ணதெல்லாம் நீங்கதான் மெட்ராஸ் சாரே. இல்லைன்னு சொல்லாதீங்க.

வைத்தியச் செலவு ஏன் ஏறிக்கினே போவுதுன்னு ஆராய்ச்சி பண்ண, போன தையில எங்க ஊருக்கு வந்தீங்க. பொருளாதாரம் படிச்சவர்னாங்க. நான் மாட்டுத் தரகன். சந்தையில ஏமாந்து ஏமாந்து படிச்சவன்.

"ஊசிக்கு இவ்வளவுன்னு குடுத்தா டாக்டர் ஊசி போட்டுக்கிட்டேதான் இருப்பார். வருஷத்துக்கு இவ்வளவுன்னு மொத்தமா பேசிடுங்க. ஊசி தானா குறையும்"னீங்க.

எனக்குப் புரிஞ்ச பாஷை. நீங்க உத்திரமேரூர் பஸ் ஏறினதும், நேரா எங்க ஊர் டாக்டர்கிட்ட போனேன். துண்டைப் போட்டு, அடியில அவர் விரலைப் பிடிச்சேன். மாட்டுப் பேரம் அப்படித்தான், விரல்தான் விலை பேசும்.

"நாடி நான்தான்யா பார்க்கணும்"னு கையை உருவிக்கினார்.

சரின்னு வாயாலயே பேசி முடிச்சேன். வூட்டுக்கு ஒரு மூட்டை நெல்லு, வருஷம் பூரா வைத்தியம். அதோட விட்டேனா? ஊர் முன்னால ஒரு கண்டிஷன் போட்டேன். தனியா யார்கிட்டயாவது காசு வாங்கினா, மொத்த நெல்லும் திரும்பணும். டாக்டர் தலையாட்டினார். நான் மீசையைத் தடவிக்கினேன்.

நெல்லு அவர் வூட்டுக்குள்ள போச்சு. அதோட, ஊசி கொதிக்க வெக்கிற ஸ்டவ் அணைஞ்சுது. காய்ச்சல்னா கஞ்சி. இருமல்னா வெந்நீர். இடுப்பு வலின்னா "படுத்து எழுந்திரு."

"இன்னாண்ணா, டாக்டருக்குப் பேசினியா, வெந்நீருக்குப் பேசினியா?"ன்னு எதிர் வூட்டு முனியம்மா நடுத்தெருவுல கேட்டா.

"செலவு கொறஞ்சுதா இல்லியா? போவியா"ன்னு அதட்டி அனுப்பினேன்.

அப்புறம்தான் எனக்குக் கட்டி வந்துது. உக்கார்ற இடமா பார்த்து.

டாக்டர் தூரத்துல நின்னே பார்த்தார். "வெந்நீர் ஒத்தடம் குடு. தானா உடையும்."

"உசுரு போவுது சார். கீறி ஒரு ஊசி போடுங்க."

"ஊசி குறையணும்னுதானே பேசினே?"

வேற வழி? சுத்தும்முத்தும் பார்த்துட்டு நோட்டை நீட்டினேன். அவர் கையும் நீண்டுது. கதவுக்கு அந்தாண்ட பெஞ்சில, என் கண்ணுல படாம ஒக்காந்திருந்த முனியம்மா எழுந்துக்கினா.

"வாங்குங்க சார், வாங்குங்க. எங்க நெல்ல இப்பவே வண்டி கட்டி எடுத்துக்கினு பூடறோம்."

டாக்டர் கை அவர் பாக்கெட்டுக்கே திரும்பிடுச்சு.

காஞ்சிபுரம் வரைக்கும் சீட்டு காலியா கெடக்க, பஸ்ல கம்பியைப் பிடிச்சுக்கினு போனேன். கண்டக்டர் ஸ்டாப்புக்கு ஸ்டாப்பு "உக்காருங்க"ன்னு உபசாரம் வேற. அங்க ஒரு ஆஸ்பத்திரியில கீறி, ஊசி போட்டு, ஒரு கன்னுக்குட்டி விலையை வாங்கிட்டாங்க. பேரம் பேசாம இல்ல. கவுந்து படுத்துக்கினு பேரம் பேசி எவனும் ஜெயிச்சதில்ல.

டாக்டர் ஊசி போட்டுக்கினே இருந்தா இன்னா பண்றதுன்னு சொன்னீங்க. போடவே மாட்டேன்னா இன்னா பண்றதுன்னு சொல்லாம பஸ் ஏறிட்டீங்க. அடுத்த அறுப்புக்குள்ள வந்து மீதியைச் சொல்லி, இந்தப் பேரத்தை நீங்களே அவுத்து விடுங்க சாரே.

உடம்பை நல்லா பார்த்துக்கினு வாங்க. இங்க வந்து காய்ச்சல் கண்டா, உங்களுக்கும் வெந்நீர்தான்.