சர்க்கார் விளைவித்த பருத்தி

மதுரைச் சீமையிலேயே தலைசிறந்த விவசாயி யார் என்று கேட்டால், வைகைக்கரைப் பண்ணையார்கள் சிலரின் பெயரைச் சொல்வார்கள். விஷயம் தெரியாதவர்கள். அந்தப் பெருமை சர்க்கார் அவர்களுக்கே உரியது. ஏர் பிடிக்காமல், விதையைத் தொடாமல், வரப்பில் கால் வைக்காமல் மகசூல் எடுக்கிறவர் வேறு யார் இருக்கிறார்?

நெடுங்குழிப்பட்டி முத்திருளனுக்கு இந்த உண்மை வெகுநாள் தெரியாது. கிணறு வெட்டுவதற்காகச் சர்க்கார் அவருக்குத் தக்காவிக் கடன் கொடுத்தது. வெட்டினார். முப்பது அடியில் பாறை வந்தது, தண்ணீர் வரவில்லை. கடன் பத்திரத்தில் பாறையைப் பற்றி ஒரு வார்த்தையும் இல்லாதபடியால் தவணை மட்டும் தவறாமல் வந்தது. கட்ட முடியவில்லை. ஒருநாள் தமுக்கடித்து அவருடைய மூன்று ஏக்கர் கரிசலை ஏலம் போட்டார்கள். ஊரில் ஒருவரும் வாய் திறக்கவில்லை. பங்காளி நிலத்தை ஏலம் எடுத்தவனுக்கு அந்த ஊரில் பச்சைத் தண்ணீர்கூடக் கிடைக்காது. ஆகவே சர்க்காரே பெரிய மனசு பண்ணி, "ஒரு அணா" என்று கேட்டு, சர்க்கார் போட்ட ஏலத்தைச் சர்க்காரே எடுத்துக்கொண்டது. ஏலம் "முறைப்படி, போட்டியோடு" நடந்ததாக ரிக்கார்டு சொல்கிறது.

நிலம் கைமாறிய செய்தியை முத்திருளன் கேட்டார். அவருடைய மாடுகள் கேட்கவில்லை. மழை விழுந்ததும் வழக்கம்போல அதே புஞ்சையில் போய் நின்றன. நாலு வருஷம் பருத்தி போட்டார். அவரும் மனைவி ஒச்சாயியும் கேப்பைக்கூழைக்கூடக் கணக்குப் பார்த்துக் குடித்துப் பாக்கியை வட்டியோடு கட்டி முடித்தார்கள். ரசீது கொடுத்தபோது எந்தக் குமாஸ்தாவும் பருத்தியைப் பற்றி விசாரிக்கவில்லை. பாக்கி தீர்ந்தால் நிலத்தைத் திரும்பத் தரலாம் என்று ஒரு விதி இருந்தது. புரட்டாசி பிறந்துவிட்டது. இந்த மழைக்காவது தன் நிலத்தில் தான் விதைக்க வேண்டும் என்பதுதான் முத்திருளனுக்கு ஆசை.

தாலுகாக் கச்சேரி வாசலில், வேப்பமரத்தடியில் மனு எழுதும் சேக் இஸ்மாயில், மை காயுமுன் ஒரு யோசனையும் சொன்னார்.

"அண்ணே, பணம் ஏதுன்னு உள்ளே கேப்பாங்க. மச்சினன்கிட்டக் கைமாத்து வாங்கினேன்னு சொல்லிருங்க."

"யாரு, நல்லகாமனா? கெணத்துல பாறை வந்த அன்னைக்கு, 'மச்சான் ஆட்டுரல் யாவாரம் ஆரம்பிச்சுட்டாரு'ன்னு சந்தையில நின்னு சிரிச்ச பய. அவன் தயவுல மீட்டேன்னு நான் சொல்லணுமா?"

"காகிதத்துலதானேண்ணே."

"காகிதத்துல ஏறுனது எம்புட்டு நாளைக்கு நிக்கும்னு உமக்குத் தெரியாதா, பாய்?"

கூட வந்திருந்த ஒச்சாயி, தன் தம்பி பக்கமும் சேரவில்லை, புருஷன் பக்கமும் சேரவில்லை. "சீக்கிரம் வாங்க, மேக்க இருட்டுது" என்று மட்டும் சொன்னாள்.

உள்ளே குமாஸ்தா வாக்குமூலம் எழுதினார். வீட்டில் நம்மைப் போலப் பேசுகிறவர்தான். பேனா கையில் ஏறினால் மட்டும் பாஷை மாறிவிடும்.

"தொகை எவ்வகையில் கிடைத்தது?"

முத்திருளன் நெஞ்சை நிமிர்த்தினார். "எவன்கிட்டயும் கை நீட்டலைங்க, எசமான். பாடுபட்டுப் பருத்தி போட்டு வித்த காசு."

"எந்த நிலத்தில்?"

"இதே நிலத்துலதாங்க."

பேனா நின்றது. இருபது வருஷ உத்தியோகத்தில் குமாஸ்தாவின் முகம் இப்படி மலர்ந்ததில்லை.

"அப்போது நிலம் யாருடையது?"

"ரிக்கார்டுப்படி... சர்க்காருதுங்க."

"சர்க்கார் நிலத்தில் விளைந்த பருத்தி?"

ஒச்சாயி முன்னால் வந்தாள். "அதுவும் சர்க்காருது, வித்த காசும் சர்க்காருதுன்னு சொல்லுங்க. மாடு போட்ட சாணி மட்டும் நம்மது."

"சாணி அந்த நிலத்தில் விழுந்திருந்தால் அதுவும் சர்க்காருடையதே" என்று குமாஸ்தா திருத்தினார். "ஆக, சர்க்கார் பணத்தைச் சர்க்காரிடமே ஒப்படைத்திருக்கிறீர். உமது நேர்மை மெச்சத்தக்கது. கடன் அப்படியே நிற்கிறது."

"அந்தக் கடன் யாருதுங்க?" என்று கேட்டார் முத்திருளன்.

"அது உம்முடையது. பிறர் சொத்தில் சர்க்கார் கை வைக்காது."

"கெணறு?"

"தண்ணீர் உண்டா?"

"இல்லைங்க."

"அப்படியானால் அதுவும் உம்முடையதே. ஆனால் நிலத்துக்குள் இருப்பதால் நீர் அங்கே போகக்கூடாது. இனிமேல் அதில் காலோ கலப்பையோ வைத்தால் அத்துமீறல், மாட்டைப் பிடித்துவிடுவோம்."

தாசில்தார் கையெழுத்துப் போட்டார். ஒரு அணாவுக்கு வாங்கிய கரிசலில் நாலு வருஷம் இடைவிடாமல் பருத்தி விளைவித்த சர்க்காரின் திறமை, அவ்வருஷ அறிக்கையில் தனிப் பாரா பெற்றது.

வெளியே சேக் இஸ்மாயில் அவர் முகத்தைப் பார்த்தே மனுக்கூலியைத் திருப்பி நீட்டினார். முத்திருளன் வாங்கவில்லை.

"பாய், நல்லகாமன் பேரு எதுலயும் ஏறலையில்ல?"

"ஏறலைண்ணே."

"அது போதும்."

"அந்த ரோசத்தைக் கொண்டுபோய் வரப்புல நட்டு வைங்க" என்றாள் ஒச்சாயி. "மொளைக்குதான்னு பாப்போம்."

நாலாம் நாள் மழை இறங்கியது. மாடுகள் கட்டுத்தறியை அறுத்துக்கொண்டு, வழக்கம்போலப் புஞ்சைக்கு ஓடின. முத்திருளன் பின்னாலேயே ஓடி வரப்பில் கயிற்றைப் பிடித்து நிறுத்தினார். அவை உள்ளே இழுத்தன. அவர் வெளியே இழுத்தார். பருத்தி விதை இடுப்பு மடியில் நனைந்துகொண்டிருந்தது. கண்ணெதிரே மூன்று ஏக்கர் ஈரம் சும்மா கிடந்தது.

அதே மழை கச்சேரியிலும் பெய்தது. மதுரைச் சீமையின் தலைசிறந்த விவசாயி, காகிதம் நனைந்துவிடாமல் ஜன்னலை இழுத்துச் சாத்திக்கொண்டார்.