நிலுவை மனுக்கள் ஒழிந்த விவரம்

மதிப்பிற்குரிய அண்ணன் அவர்களுக்குத் தம்பி எழுதுவது. இங்கு நான், என் மனைவி, கடை எல்லாரும் சுகம். அங்கு உங்கள் மகள் வீட்டிலும் அப்படியே இருக்க விரும்புகிறேன். ஆறு வருஷமாக உங்களுக்கு வக்கீல் நோட்டீஸ் மட்டுமே அனுப்பிப் பழகியாயிற்று. கடிதத்தில் எங்காவது 'எதிர்மனுதாரர்' என்று வந்துவிட்டால் அடித்துவிட்டுப் படிக்கவும்.

சமரச மனுவில் கையெழுத்தைப் போட்ட கையோடு நீங்கள் பஸ் ஏறிவிட்டதால், போன மாதம் கோர்ட்டில் நடந்ததைத் தெரிவிக்கிறேன். குழாய்க் கடை யாருக்கு என்ற நம் வழக்கில் நாம் இருவரும் போட்டு வைத்த இடைமனுக்கள் எட்டு. பூட்டை மாற்றக் கூடாதென்று நான், மாற்றிய பூட்டுக்குச் சாவி வேண்டுமென்று நீங்கள், கோர்ட் அனுப்பி கடையை அளக்க வந்த வக்கீல் கமிஷனர் குழாய் அடுக்கில் வழுக்கி விழுந்துவிட்டு, விழுந்த இடம் யார் பாகம் என்று அறிக்கையில் எழுதவில்லையென்று மறுபடி நான். இதெல்லாம் தலைவலியே இல்லை. ஒன்பதாவதுதான் தலைவலி. 'நானும் அந்த வீட்டுப் பிள்ளைதான், என்னையும் வழக்கில் சேருங்கள்' என்று தங்கச்சி போட்டது. அது விசாரணைக்கு வந்தால் கடை மூன்றாகும். "அசல் வழக்க முடிச்சுட்டா மனுவெல்லாம் கூடவே முடிஞ்சிரும். கடைய மூடினா உள்ள நிக்கிற ஆளு வெளிய வந்துதானே ஆகணும்?" என்றார் என் வக்கீல். ஆறு வருஷம் பேசாத நாம் ஆறே நாளில் ராசியானது அதனால்தானே!

அன்றைக்கு நீதிபதி இரண்டே வரி வாசித்தார். வழக்கு சமரசமாக முடிந்தது. நிலுவையிலுள்ள மனுக்கள், இருப்பின், முடித்து வைக்கப்படுகின்றன. தங்கச்சி எழுந்து நின்றுவிட்டாள்.

"இருப்பின்னா? இருக்குதே சார், என்னோடது!"

"அதுவும் முடிஞ்சுதும்மா" என்றார் குமாஸ்தா.

"விசாரிக்கவே இல்லையே?"

"விசாரிக்காமலே முடிஞ்சுது."

அப்புறம் என்னைப் பார்த்து, "நல்லா இருக்கு அண்ணே, எனக்காகவாவது ரெண்டு பேரும் ஒண்ணு சேந்தீங்களே" என்றாள். எனக்கும் லேசாகச் சங்கடம்தான், பொய் சொல்ல மாட்டேன். ஆனால் வியாபாரத்தில் சங்கடத்துக்குத் தனி அலமாரி கிடையாது. நாளைக்கே ஆள் விட்டு நடுவில் சுவர் எழுப்புகிறேன். இடது உங்களுக்கு, வலது எனக்கு. நிம்மதியாகத் தூங்குங்கள்.

அண்ணிக்கு என் வணக்கம். பேரப்பிள்ளைகள் நன்றாகப் படித்து, வக்கீலாக மட்டும் ஆகாமல், நூறாண்டு வாழட்டும்.

தங்கள் கீழ்ப்படிந்த தம்பி.

பின்குறிப்பு: உறையை ஒட்டும்போது கோர்ட் ஆள் வந்துவிட்டார். தங்கச்சி புது வழக்கே போட்டிருக்கிறாள். நீங்கள் முதல் பிரதிவாதி, நான் இரண்டு. முடித்து வைத்த மனு வேறு, தள்ளுபடியான மனு வேறாம்; விசாரிக்காமல் முடித்ததால் அவள் புதிதாக வழக்குப் போடலாமாம். வக்கீல் இன்றைக்குத்தான் சொல்கிறார். ஆறு வருஷம் 'என் சொந்தச் சம்பாத்தியம்' என்று ஆளுக்கொரு பக்கம் சாதித்த நாம், அவசரத்தில் சமரச மனுவில் 'எங்கள் தகப்பனார் சம்பாதித்த கடை' என்று எழுதியிருக்கிறோம். அதன் நகல்தான் அவளுடைய முதல் ஆவணம். அன்றைக்குக் கோர்ட்டில் 'நகல் எங்கண்ணே வாங்கணும்?' என்று கேட்டவளைக் கூடவே கூட்டிக்கொண்டு போய் வரிசையில் நிறுத்தியவன் நான்தான். சுவருக்கும் தடை கேட்டிருக்கிறாள். சரி, மூன்றாகவே பிரிப்போம் என்று போனில் ஒத்துக்கொண்டேன். நடுப் பங்குதான் வேணுமாம். ஏன்மா என்றால், "வாசல் அங்கதானண்ணே இருக்கு" என்கிறாள்.