தோம்பரின் பன்னிரண்டு பரப்பு

யாழ்ப்பாணத்து வலிகாமத்தில் தோம்பருக்குத் தெரியாத காணி ஒன்று இருக்குமானால், அது இன்னும் கடலுக்கு அடியில்தான் கிடக்கவேண்டும். கடலுக்கு மேலே கிடப்பது எதுவானாலும் அதன் பெயர், நாலு எல்லை, மூன்று தலைமுறை உரித்தாளர், அவர்களில் யார் யாரோடு கதை பேச்சு இல்லை என்பதுவரை மனிதர் மூச்சு விடாமல் ஒப்புவிப்பார்.

ஒல்லாந்தர் காலத்துக் காணிப் பதிவேட்டுக்குத் தோம்பு என்று பெயர். அந்தப் பதிவேட்டுக்குக் கை கால் முளைத்து, வேட்டியும் கட்டிச் சைக்கிளில் வந்தால் எப்படியிருக்கும்? அவர்தான் தோம்பர். சொந்தப் பெயர் அவருடைய அடையாள அட்டைக்கு மட்டும் தெரியும். உரும்பிராய்ச் சந்திக்குக் கிட்ட, காணி உறுதிப் பத்திரம் எழுதும் ஒரு நொத்தாரிசு கந்தோரில் நான் தட்டச்சு செய்தேன். தோம்பர் காணிப் பதிவகத்துக்குப் போய்ப் பழைய உறுதிகளைத் தேடி, கிறுக்கல் எழுத்தில் குறித்து வருவார். நொத்தாரிசு ஐயா கையெழுத்து வைப்பார். எங்கள் கந்தோர் மொத்தமே அவ்வளவுதான்.

எதைக் கதைத்தாலும் அவருக்குத் திசை வேண்டும். ஒருமுறை வயிற்று நோவென்று வைத்தியரிடம் போனார். எங்கே நோகிறது என்று வைத்தியர் கேட்டிருக்கிறார்.

"வடமேற்கு மூலையிலை தொடங்கித் தெற்கு எல்லைக்கு இறங்குது டொக்டர்."

வைத்தியர் அவரைக் கிழக்குப் பார்த்து நிறுத்திவைத்துத்தான் மருந்து எழுதினாராம்.

இன்னொரு நாள் ஒரு கலியாண வீட்டுப் பந்தியில் பெண்ணின் தகப்பன் சீதனக் காணியைப் பற்றிப் பெருமையடித்துக்கொண்டிருந்தார். எங்கள் ஊர் நில அளவில் எட்டுப் பரப்பாம், நல்ல தண்ணீர்க் கிணறாம். தோம்பர் இலையிலிருந்து தலையை நிமிர்த்தவே இல்லை. "கிணத்திலை உங்களுக்கு மூண்டிலை ஒண்டுதான். மிச்சம் கனடாவிலை நிக்கிற தமையனுக்கு" என்று சொல்லிவிட்டு, அப்பளத்தை நொறுக்கினார். மாப்பிள்ளை பகுதியார் பாயாசத்தை அப்படியே கீழே வைத்தார்கள். தாலி கட்டி முடிந்திருந்தபடியால் கலியாணம் தப்பியது.

ஊராரின் காணியெல்லாம் விரல் நுனியில் வைத்திருந்தவருக்குச் சொந்தமாக ஒரு குழி நிலமும் இல்லை. இருந்த துண்டு தங்கச்சியின் சீதனத்தோடு போனது. கலியாணம் கட்டாத மனிதர், இணுவிலில் அதே தங்கச்சியின் வீட்டில் ஒரு அறையில் இருந்தார். அதைப் பற்றி அவர் வருத்தப்பட்டு நான் ஒருநாளும் கேட்டதில்லை. 

பெற்றோல் வரிசையில் சனம் நாட்கணக்கில் நின்ற காலத்தில் உறுதி எழுத யார் வருவார்கள்? கந்தோர் வெறிச்சோடிக் கிடந்தது. பின்னறையில் ஒரு பழைய கணினி இருந்தது. அதில் தோட்டம் செய்யும் விளையாட்டு ஒன்றை யாரோ இறக்கி வைத்திருந்தார்கள். யாரென்று இன்றைக்கும் தெரியாது, என்னைத்தான் எல்லாரும் பார்க்கிறார்கள். பொழுது போகட்டும் என்று தோம்பருக்கு ஒருநாள் அதைத் திறந்து காட்டினேன். வெறும் நிலம் தருவார்கள். கல்லுப் பொறுக்கி, கொத்தி, தண்ணீர் விட்டு, விளைந்ததைக் கொண்டு இன்னும் நிலம் சேர்க்கவேண்டும். 

"சின்னப் பிள்ளையளின்ரை விளையாட்டு" என்று எழும்பிப் போனார். 

அடுத்த கிழமையிலிருந்து பின்னறையில் சேவல் கூவத் தொடங்கியது. மாடும் கத்தியது. உறுதி முடிக்க வந்த ஒரு மனிசி, "ஐயா கோழி வளக்கிறியளோ?" என்று கேட்டார். ஐயா என்னைப் பார்த்தார். நான் தட்டச்சுப் பொறியைப் பார்த்தேன். பின்னறைக் கதவு மெல்லச் சாத்திக்கொண்டது.

இப்படி நாலு வருடம். பன்னிரண்டு பரப்பு ஆகியிருந்தது. பரப்புக் கணக்கு அந்த விளையாட்டில் கிடையாது, திரையில் கட்டம் எண்ணித் தோம்பரே வகுத்தது. "இடையூறில்லாத ஆட்சி பிள்ளை. இன்னும் ஆறு வருஷம் போனால், சட்டம் கேக்கிற பத்தும் ஆகும். பிறகு கோட்டிலையும் அசைக்கேலாது" என்று ஒருநாள் தன்னை மறந்து சொல்லிவிட்டார்.

அந்த ஆறு வருடம் கிடைக்கவில்லை. ஒரு திங்கட்கிழமை ஐயா சொன்னார்: "வெள்ளிக்கிழமை புதுக் கொம்பியூட்டர் வருது. பழசைத் துடைச்சுப்போட்டுச் சனசமூக நிலையத்துக்குக் குடுப்பம்."

தோம்பரின் தேநீர் பாதியில் நின்றது. பின்னேரம் என் மேசைக்கு வந்து, சுற்றுமுற்றும் பார்த்துவிட்டுக் குனிந்தார்.

"பிள்ளை, உந்தப் பழைய கொம்பியூட்டருக்குள்ளை ஒரு ஆளின்ரை காணி கிடக்கு."

"ஆரின்ரை அண்ணை?"

"ஒரு ஆள். அதை வேறை இடத்துக்கு மாத்தேலுமோ? தங்கச்சியின்ரை மகளிட்டை ஒரு கொம்பியூட்டர் இருக்கு."

நானும் வேலை அவசரத்தில், திரையில் தட்டித் திறக்கும் விளையாட்டின் சின்னப் படத்தைப் பிரதி எடுத்துப் பென் ட்ரைவில் போட்டுக் கொடுத்தேன். அதை வெற்றிலைப் பொட்டலம்போல மடியில் கட்டிக்கொண்டு போனார். செவ்வாய்க்கிழமை காலை எட்டு மணிக்கே கந்தோர் வாசலில் நின்றார்.

"என்னை ஏமாத்திப் போட்டாய் பிள்ளை. படம் மட்டும்தான் வந்து கிடக்கு. தட்டினால் சாமானைக் காணேல்லை எண்டு சொல்லுது."

பிழை என்னுடையதுதான். திரையில் தெரிவது வெறும் வழிகாட்டி, விளையாட்டு உள்ளே வேறெங்கோ கிடக்கும் என்று விளக்கினேன். தோம்பர் தலையில் கை வைத்தார்.

"உறுதியின்ரை போட்டோக் கொப்பியை வச்சுக்கொண்டு காணி இருக்கெண்டு நினையாதேங்கோ எண்டு நாப்பது வருஷமாச் சனத்துக்குச் சொன்னனான். கடைசியிலை நானே விழுந்திட்டன்!"

அந்தப் படத்தின்மேல் வலது பொத்தானை அழுத்தினேன். கோப்பு இருக்கும் இடத்தைத் திற என்று ஒரு வரி வந்தது. திறந்தேன். மேலே முகவரி நீளமாக ஓடியது. தோம்பர் மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு அதை உரத்து வாசித்தார்.

"சி எண்ட பெருங்காணி. அதுக்குள்ளை கேம்ஸ் எண்ட வளவு. அதுக்குள்ளை எங்கடை துண்டு. சரி, எல்லை எங்கை?"

"இதுக்கு எல்லை இல்லை அண்ணை."

"எல்லை போடாத காணியோ? கட்டாயம் வழக்கு வரும்."

ஒரு தாளில் எல்லாவற்றையும் எழுதிக்கொண்டார். இந்த முறை கோப்புறை முழுவதையும் கொடுத்தனுப்பினேன். புதன்கிழமை வந்தவர் கதிரையில் இருந்து சுவரைப் பார்த்தார்.

"என்னண்ணை, காணி வரேல்லையோ?"

"வந்திட்டுது."

"பிறகென்ன?"

"வெறுங்காணி பிள்ளை. கல்லும் புல்லும். கிணறு இல்லை, மாடு இல்லை, ஒரு தக்காளிக் கண்டு இல்லை. முதலாம் நாள் எண்டு எழுதிக் கிடக்கு."

சிரிக்கத்தான் நினைத்தேன். ஆனால் 'ஒரு ஆளின்ரை காணி' என்ற நாடகத்தை அவர் மறந்துபோயிருந்தார். அதைக் கண்டதும் சிரிப்பு வரவில்லை.

விளையாட்டு ஓரிடத்திலும், விளையாடியவர் சேர்த்தது வேறிடத்திலும் இருக்கும் என்பது எனக்கு அன்றுதான் விளங்கியது. எந்த இடம் என்றுதான் தெரியவில்லை. புதன் முழுக்கத் தேடினேன். வியாழன் மத்தியானமும் கிடைக்கவில்லை. விடிந்தால் வெள்ளி. பின்னால் நின்ற தோம்பர் திடீரென்று தொண்டையைச் செருமினார்.

"எந்தப் பேரிலை தேடுறாய்?"

"விளையாட்டின்ரை பேரிலைதான்."

"விசரி! காணி பேரிலை ஆம்பிடாட்டி ஆள் பேரிலை தேடவேணும். பதிவகத்திலை முதல் நாள் படிக்கிற பாடம் உது."

ஆள் பேர்! கணினியைப் பாவிப்பவரின் பெயரில் ஒரு கோப்புறை இருக்குமே. போய்ப் பார்த்தேன். அதற்குள்ளும் ஒன்றும் இல்லை. பிறகு, மறைத்து வைத்தவற்றையும் காட்டு என்ற கட்டத்தில் ஒரு சரி போட்டேன். மங்கலாக ஒரு கோப்புறை தலை காட்டியது.

"மறைச்சு வச்சிருக்கிறாங்கள் எண்டால் பெறுமதியான சாமான்தான். உள்ளுக்குப் போ" என்றார் தோம்பர்.

உள்ளே விளையாட்டின் பெயர். அதற்குள் ஒரே ஒரு கோப்பு. கடைசியாக மாற்றிய நேரம் அன்று காலை பத்தே கால். அந்த நேரம் தோம்பர் பதிவகத்துக்குப் போயிருப்பதாக ஐயாவிடம் சொல்லப்பட்டிருந்தது. நான் அவரைத் திரும்பிப் பார்த்தேன். அவர் கூரைக் காற்றாடியைப் பார்த்தார். கோப்பைப் பென் ட்ரைவில் போட்டு, அதை வைக்கவேண்டிய இடத்தையும் தாளில் எழுதிக் கொடுத்தேன்.

வெள்ளிக்கிழமை பழைய கணினி துடைக்கப்பட்டுப் போனது. தோம்பரும் வேலைக்கு வரவில்லை. ஞாயிற்றுக்கிழமை, என்னதான் ஆயிற்று என்று இணுவிலுக்குப் போனேன். மனிதர் மருமகளின் மடிக்கணினிக்கு முன்னால், கோயிலுக்குப் போவதுபோலத் திருநீறு பூசிக்கொண்டு இருந்தார்.

"வா பிள்ளை, வா. எல்லாம் வந்திட்டுது. மாடு பதினொண்டும் நிக்குது."

பன்னிரண்டு பரப்பையும் சுற்றிக் காட்டினார். அதுவரை நான் அதை முழுதாகப் பார்த்ததில்லை. கிழக்கு மூலையில் ஒரு துண்டைத் தனியாக வேலி போட்டு அடைத்திருந்தார். படலையில் ஒரு பலகை. பலகையில் ஆங்கில எழுத்தில் என் பெயர்.

"இதென்னண்ணை?"

"ரண்டு பரப்பு. கிணத்திலை பங்கும் வழியுரிமையும் இருக்கு. போன வருஷமே உன்ரை பேருக்கு எழுதிப்போட்டன்."

"எனக்கேன்?"

"என்ரை கையெழுத்தை உலகத்திலை வாசிக்கத் தெரிஞ்ச ஒரே சீவன் நீதானே" என்று திரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

வாடகை வீட்டில் இருக்கிற எனக்கு வேறெங்கும் காணி இல்லை. மாதம் ஒருமுறை இணுவிலுக்குப் போய் என் இரண்டு பரப்பையும் பார்த்துவிட்டு வருகிறேன். அவரைப் பார்க்கத்தான் போகிறேன் என்று இன்னும் அவருக்குச் சொல்லவில்லை.