புகை வராத காருக்குப் புகைப் பரிசோதனை

இயந்திரங்களைப் பற்றி ஒன்றுமே தெரியாதவனால் எவருக்கும் தீங்கில்லை. அவன் நேரே கராஜுக்குப் போய்விடுவான். வாசித்துத் தெரிந்துகொண்டவன்தான் ஆபத்தானவன். நான் இரண்டாவது வகை. முப்பத்தொன்பது வயதுவரை என்னிடம் இருந்தது ஒரு சைக்கிளும், நண்பனின் பழைய வான் வண்டியில் ஓட்டிப் பழகி எடுத்த லைசனும் மட்டுமே. ஆனால் எரிபொருளை மிச்சம் பிடிக்கும் எஞ்சின்களைப் பற்றி எவராவது கேட்டால் (கேட்காவிட்டாலும்) முக்கால் மணி நேரம் பேசுவேன்.

அந்த வயதில்தான் எனக்கு லிங்கநகரில் சுகந்தியைக் கலியாணம் பேசினார்கள். அவளுடைய அண்ணன் யூட் துறைமுகத்தில் வேலை செய்பவர், அதிகம் பேசாதவர். கலியாணப் பேச்சு இழுபட்டுக்கொண்டிருந்த ஒரு காலையில் என்னைக் கூப்பிட்டார்.

“தம்பி, காருக்குப் புகைச் சேட்டிபிக்கற் எடுக்கவேணும். எனக்கு லீவில்லை. ஒருக்காக் கொண்டுபோய்க் காட்டிக்கொண்டு வாறீங்களோ?”

இது உதவி அல்ல, பரீட்சை என்று எனக்கே விளங்கியது. பெற்றோலிலும் பற்றரியிலும் ஓடுகிற ஹைபிரிட் கார் அது. சுகந்தியின் தாயாரும் பின்சீற்றில் ஏறிக்கொண்டார். வரும் வழியில் மீன் வாங்கவேண்டுமாம். (மேற்பார்வை என்ற சொல்லை எவரும் பாவிக்கவில்லை.)

பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் வழக்கம்போல், ஊருக்குள் திரியும் மான்கள் நடுறோட்டில் நின்றன. நிறுத்தினேன். எஞ்சின் அடங்கியது.

“ஐயோ தம்பி, என்ன சத்தத்தைக் காணேல்லை?”

“பழுதில்லை அன்ரி. சும்மா நிக்கிற நேரம் பெற்றோல் எரியக்கூடாதெண்டு எஞ்சின் தன்பாட்டில அணைஞ்சிடும். புகையும் குறைவு. பிறேக் பிடிக்கேக்க வீணாப்போற சக்தியையும் பற்றரி வாங்கி வச்சுக்கொள்ளும்.”

“எவ்வளவு விசயம் தெரிஞ்சு வச்சிருக்கிறார்,” என்று அன்ரி ஜன்னலிடம் சொன்னார். கலியாணம் முடிந்த மாதிரித்தான் என்று நினைத்துக்கொண்டேன்.

பரிசோதனை நிலையத்தில் ஓட்டோக்களும் ஒரு மீன் லொறியும் எங்களுக்குப் பின்னால் வரிசையாக நின்றன. பரிசோதகர் கிண்ணியாக்காரர். காரின் புகைக்குழாய்க்குள் தன் கருவியைச் செருகிவிட்டுக் கணினியைப் பார்த்தார்.

“பாத்தீங்களோ அன்ரி, எல்லாம் பூச்சியம்!” என்றேன்.

“எஞ்சின் ஓடல்லயே சேர்,” என்றார் அவர்.

நான் கீழே இறங்கி அவருக்கு விளங்கப்படுத்தினேன். எரிந்த வாயுவில் ஒரு பங்கைத் திரும்ப எஞ்சினுக்குள் அனுப்பும் ஏற்பாடு, வால்வைத் தாமதமாக மூடிப் பெற்றோலை மிச்சம் பிடிக்கும் உத்தி என்று ஒன்றையும் விடவில்லை. மீன் லொறி ஹோர்ன் அடித்தது.

“அதெல்லாம் சரிதான் சேர். எனக்குப் புகை வேணும்.”

நியாயமான கோரிக்கை. புகை குறைவு என்று எழுதித் தருவதற்கும் அவருக்குக் கொஞ்சம் புகை தேவைப்பட்டது. நான் ஸ்டார்ட் பொத்தானை அமத்தினேன். காலையில் யூட் அண்ணை ஸ்டார்ட் பண்ணித் தந்த காரில், அந்தப் பொத்தானை நான் தொட்டது அதுவே முதல்தடவை. எரிந்துகொண்டிருந்த விளக்கெல்லாம் அணைந்தது. திரும்ப அமத்தினேன். ரேடியோவில் மரண அறிவித்தல் தொடங்கியது.

எங்கள் ஊரில் வாகனம் நின்றால் காரணம் கேட்கமாட்டார்கள், தள்ளுவார்கள். பெற்றோல் வரிசைகளில் நாட்கணக்காகத் தள்ளிப் பழகிய கைகள். நான்கு ஓட்டோக்காரர்கள் வந்து கை வைத்தார்கள். நானும் வைத்தேன். கார் அசையவில்லை. (அணைத்தால் தானாகவே சில்லைப் பூட்டிக்கொள்ளும் என்பது நான் வாசிக்காத பக்கத்தில் இருந்திருக்கிறது.)

“கியர்பொக்ஸ் இறுகிப்போச்சு,” என்று அறிவித்தேன்.

“அப்ப அந்த மிச்சம் பிடிச்ச சக்தியெல்லாம் எங்க தம்பி?” என்று உள்ளேயிருந்து அன்ரி கேட்டார்.

வேறு வழியில்லாமல் யூட் அண்ணைக்குப் போன் அடித்து, எஞ்சின் போய்விட்டது என்றேன். துறைமுக வேலைத் தலைக்கவசத்தைக்கூடக் கழற்றாமல் ஓட்டோவில் வந்து இறங்கினார். சீற்றில் இருந்தார். நான் மிதிக்காத பிறேக்கை மிதித்தார். பொத்தானை அமத்தினார். அக்சிலேற்றரில் கால் வைத்தார். எஞ்சின் உறுமியது. ஓட்டோக்காரர்கள் கைதட்டினார்கள்.

கார் சித்தியடைந்தது. திரும்பும்போது அவர்தான் ஓட்டினார். மீன் பையை மடியில் வைத்துக்கொண்டு நான் பக்கத்தில் இருந்தேன்.

அன்று பின்னேரம் சுகந்தி போன் எடுத்தாள்.

“அண்ணா வந்து பிறேக்கை மிதிச்ச உடன ஓடிச்சுதாமே?”

“ஓம்.”

“அப்ப நீங்கள் அதுக்கு என்ன விளக்கம் சொன்னனீங்கள்?”

“ஒண்டும் சொல்லேல்லை. வாயை மூடிக்கொண்டு நிண்டனான்.”

“அப்பிடி நிக்கவும் உங்களுக்கு ஏலுமெண்டா, நான் ஓமெண்டு சொல்லுறன்.”

அன்ரி இப்போது மாமியாகிவிட்டார். வீட்டுக்கு யார் வந்தாலும் என்னைப் பெருமையாகத்தான் அறிமுகப்படுத்துவார்: “இவர்தான் எங்கட மருமகன். கார் எஞ்சினைப் பற்றித் தெரியாத விசயமே இல்லை.” வந்தவர்கள் வியந்து முடிப்பதற்கிடையில் உள்ளே பார்த்துக் குரல் கொடுப்பார்: “யூட், தம்பி கடைக்குப் போகப்போறாராம். வந்து காரை ஸ்டார்ட் பண்ணிக் குடு!”