ஐஸ் குச்சியில் ஒரு பேர்

மனைவி ஜோசபின் மகள் வீட்டுக்குப் பஸ் ஏறி மூன்றே நாளில் ஜன்னல் செடியின் அடி இலை இரண்டு பழுத்துவிட்டன. ஆசீர்வாதம் முதலில் தன் கண்ணாடியைச் சந்தேகப்பட்டார். வேட்டி நுனியில் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தார். பழுப்பு போகவில்லை.

சந்தேகப்படுவதுதான் அவருக்குத் தெரிந்த ஒரே தொழில். மிஷன் பள்ளிக்கூடத்து வாசலில் முப்பத்தோரு வருஷம் வாட்ச்மேனாக நின்றவர். படிப்பு ஐந்தாம் வகுப்புதான், ஆனால் எம்.ஏ. படித்தவர்களின் பையைத் திறந்து பார்த்த கை. ரேஷன் கடைத் தராசை நம்ப மாட்டார். டாக்டர் எழுதிக் கொடுக்கும் மாத்திரையில் பாதியைத்தான் விழுங்குவார். டி.வி.யில் மழை வரும் என்று சொன்னால் அன்றைக்குப் பார்த்துப் போர்வையை நனைத்துக் காயப்போடச் சொல்வார். இப்பேர்ப்பட்ட ஆள் உலகத்தில் ஒரே ஒரு சங்கதியைக் கேள்வி கேட்காமல் நம்பினார். இந்தச் செடி சாகாது.

ஒன்பது வருஷத்துக்கு முன்னால் மகன் ஆன்றோ காலேஜில் தாவரவியல் படித்துக்கொண்டிருந்தபோது கொடைக்கானலுக்குக் கூட்டிப் போனார்கள். திரும்பி வந்தவன் கையில் டம்ளர் அளவில் ஒரு தொட்டி இருந்தது. தாமரைப் பூவைக் கல்லில் கொத்தி வைத்த மாதிரி, தடித்த இலைகள் அடுக்கடுக்காக உட்கார்ந்திருந்தன. தின்று முடித்த ஐஸ் குச்சி ஒன்றில் இங்கிலீஷில் பேரை எழுதி மண்ணில் குத்தி வைத்தான்.

"செம்பர்வைவம்ப்பா. இந்த ஒரு செடிக்கு மட்டும் இல்ல, இந்த வம்சத்துக்கே அதான் பேரு. லத்தீன்ல, எப்பவும் உயிரோட இருக்கிறதுன்னு அர்த்தம்."

"எவன் சொன்னது?"

"பேரு வச்சவன்தான். அந்தப் பக்கம் வீட்டுக் கூரை மேல இதை நட்டு வைப்பாங்களாம், இடி விழாதுன்னு."

"இடிக்கு லத்தீன் படிக்கத் தெரியுமாக்கும்?" என்று கேட்டுவிட்டு ஆசீர்வாதம் சாப்பிடப் போனார்.

அடுத்த மாசம் ரிங் ரோட்டில் ஒரு டிப்பர் லாரி. ஆன்றோவுக்கு இருபது வயசு முடியவில்லை. அடக்கம் முடிந்து வீட்டுக்கு வந்தபோது செடி ஜன்னலில் அப்படியே உட்கார்ந்திருந்தது. பேசாமல் கூரை மேல் வைத்திருக்கலாமோ என்று ஆசீர்வாதத்துக்குத் தோன்றியது. அதை அவர் யாரிடமும் சொல்லவில்லை. அழவும் இல்லை. மறுநாள் காலையில் காபி டம்ளரோடு ஜன்னல் முன்னால் நின்று "என்னடா" என்றார். அன்றிலிருந்து தினம் காலையில் அந்த ஒரு வார்த்தை. காபியும் அங்கேதான்.

தண்ணீர், மண், எல்லாம் ஜோசபின் பொறுப்பு. ஆசீர்வாதம் எட்ட நின்று பார்க்கலாம், கை வைக்கக் கூடாது. கத்திரி வெயிலில் செடி வருஷா வருஷம் வாடிச் சுருங்கும். கத்திரி கழிந்ததும் ஒரே நாளில் பளபளவென்று எழுந்து உட்கார்ந்துவிடும். பேர் வச்சவன் சும்மா வைக்கவில்லை என்று ஆசீர்வாதம் நினைத்துக்கொள்வார்.

இந்த வருஷம் மகள் ஆஷ்லினுக்கு நாகர்கோவிலில் இரண்டாவது பிரசவம். மே மாசத்தில் நாள் குறித்துவிட்டார்கள். ஜோசபின் போகாமல் முடியாது. வாசல்வரை போனவள் திரும்பி வந்து சொன்னாள்.

"ஆன்றோப்பா, செடிக்கு ஒரு சொட்டுத் தண்ணி ஊத்தாதீங்க. தொடவே செய்யாதீங்க. என்ன ஆனாலும் நான் வந்து பாத்துக்கிறேன்."

உயிருள்ள ஒன்றுக்குத் தண்ணீர் வேண்டாமாம். ஆசீர்வாதம் அதை நம்பவில்லை. பழுத்த இலையைப் பார்த்ததும் நம்பாதது நியாயம் என்று ஆகிவிட்டது.

குழாய்த் தண்ணீர்மீதும் அவருக்கு நம்பிக்கை கிடையாது. அலமாரியில் வேளாங்கண்ணியிலிருந்து கொண்டுவந்த தீர்த்தம் இருந்தது. மாதா உருவத்தில் பிளாஸ்டிக் பாட்டில், தலையில் நீலக் கிரீடம்தான் மூடி. காலையில் ஒரு மூடி, மத்தியானம் ஒன்று, சாயங்காலம் ஒன்று. அருள் நிறைந்த மரியே ஒரு தடவை. நாலு நாளில் மாதா இடுப்புவரை காலி. செடியின் அடியில் இலைகள் கொழகொழவென்று கழன்றன.

சாயங்காலம் ஜோசபின் போனில் முகம் காட்டினாள். பேரனைக் காட்டினாள். பிறகு மெதுவாகச் செடியைக் கேட்டாள்.

"உன்னைவிட நல்லாருக்கு" என்றார் ஆசீர்வாதம்.

ஜோசபின் போனைக் கண்ணுக்குக் கிட்டக் கொண்டுவந்தாள். "அப்படியா?" என்றாள். அவள் சந்தேகப்படுகிறாள் என்பது அவருக்கு உடனே தெரிந்தது. அந்த விஷயத்தில் அவர் கண் தப்பாது.

பக்கத்து வீட்டு ஹரிநாராயணன் சாயக் கம்பெனியில் கணக்கெழுதி ஓய்வு பெற்றவர். மாடியில் நாற்பது தொட்டி வைத்திருக்கிறார். வேறு வழியில்லாமல் ஆசீர்வாதம் செடியைத் துண்டில் மூடி அவரிடம் கொண்டுபோனார். ஹரிநாராயணன் பார்த்தார், மனைவி பத்மாசினியைக் கூப்பிட்டார். இரண்டு பேரும் தங்கள் சௌராஷ்டிரா பாஷையில் வெகுநேரம் பேசினார்கள். தன்னைப் பற்றித்தான் பேசுகிறார்கள் என்று ஆசீர்வாதம் உறுதியாக இருந்தார். அவர் நினைத்தது சரிதான்.

"யாருண்ணே இம்புட்டுத் தண்ணி ஊத்தினது?" என்று கேட்டார் ஹரிநாராயணன்.

"தண்ணி இல்ல, தீர்த்தம்."

"வேருக்கு அது தெரியாதுண்ணே. மாடியில வெயில்ல காய வைங்க."

மதுரையில் கத்திரி வெயிலில் ஒரு பொருளை மாடியில் காய வைத்தால் என்ன ஆகும் என்று வடகம் போட்ட எவருக்கும் தெரியும். ஆசீர்வாதம் காலையில் வைத்துவிட்டு, காகம் கொத்தும் என்று குடை பிடித்துக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்தார். குடை அவருக்கு. செடிக்கு வெயில் வேண்டுமே. மத்தியானம் அவர் எழுந்தபோது தலை சுற்றியது. செடியில் ஒரு பக்கம் அழுகலும் மறுபக்கம் அவியலுமாக இருந்தது.

அப்போதுதான் அவருக்கு முதல் தடவையாகப் பேர் மேலேயே சந்தேகம் வந்தது. குச்சியைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு வயதான பங்குச் சாமியாரிடம் போனார். லத்தீனில் பூசை பார்த்த காலத்து மனிதர். குச்சியை முகத்துக்கு நேரே வைத்துப் படித்தார்.

"உம் மகன் சரியாத்தான் சொல்லியிருக்கான். செம்பர்னா எப்பவும். மத்தது உயிரோட இருக்கிறது."

"அப்ப ஏன் சாமி சாகப் பாக்குது?"

"பேரு வச்சவன் பனி மலையில வச்சான் ஆசீர்வாதம். மதுரைக்கு வந்திருக்க மாட்டான்."

பனி என்ற வார்த்தையைப் பிடித்துக்கொண்டு ஆசீர்வாதம் வீட்டுக்கு ஓடி வந்தார். ஃபிரிட்ஜில் இருந்த முட்டையையும் தக்காளியையும் வெளியே எடுத்து வைத்தார். நடுத்தட்டில் செடி ஏறியது. மாவுச் சட்டி மட்டும் மேல்தட்டில் இருந்தது. காலையில் அவர் காபி டம்ளரோடு ஃபிரிட்ஜைத் திறந்து "என்னடா" என்றார். உள்ளே விளக்கு எரிந்தது. ஆன்றோவை அறையில் விளக்கைப் போட்டு எழுப்பின ஞாபகம் வந்துவிட்டது. கதவைச் சத்தம் வராமல் சாத்தினார்.

மறுநாள் காலையிலிருந்து சாயங்காலம்வரை கரண்டு இல்லை. மாவு பொங்கியது. பொங்கின மாவு இறங்கத்தான் செய்யும். ஆசீர்வாதம் திறந்தபோது செடி கழுத்துவரை மாவில் இருந்தது. கழுவலாம் என்று இரண்டு விரலால் மெல்லத் தூக்கினார். செடி வந்தது. வேர் வரவில்லை.

அன்று சாயங்காலம் ஜோசபின் போனில் சொன்னாள், நாலு நாள் முன்னதாகவே, சனிக்கிழமையே கிளம்பி வருகிறாளாம்.

"பச்சை உடம்புக்காரியை விட்டுட்டு என்ன அவசரம்?"

"வருசா வருசம் போற ஜெபக்கூட்டம் ஒண்ணு இருக்குல்ல. இறங்கினதும் அதுக்குப் போயிட்டு வீட்டுக்கு வாரேன். நீங்க நல்லாருக்கீங்கள்ல? செடி...?"

"அதுக்கென்ன. என்னைக்கும்போலத்தான்" என்றார்.

போனை வைத்த பிறகு அவர் பின்பக்கம் முருங்கை மரத்தடியில் சின்னதாக ஒரு குழி தோண்டினார். குப்பை வண்டியில் போட அவருக்கு மனசு வரவில்லை. மண்ணைத் தள்ளும்போது கை தானாக நெற்றியில் சிலுவை போட்டது. மகனை அடக்கம் செய்த அன்று நாலு பேர் அவரைப் பிடித்திருந்தார்கள். இன்றைக்குப் பிடிக்க ஆளில்லை. அதனால் மரத்தைப் பிடித்துக்கொண்டு, ஒன்பது வருஷத்துப் பாக்கி அழுகையை அழுதார்.

அழுது முடித்ததும் ஒன்று தெளிவாகத் தெரிந்தது. தான் அழுதுவிடலாம், ஆம்பளை, தாங்கிக்கொள்வான். ஜோசபின் தாங்க மாட்டாள். பிள்ளை போன பிறகு அவளை நிற்க வைத்திருப்பது இந்தச் செடிதான். அவள் வாசல்படி ஏறுவதற்குள் ஜன்னலில் ஒரு செம்பர்வைவம் உட்கார்ந்திருக்க வேண்டும். நாற்பத்திரண்டு வருஷக் குடும்ப வாழ்க்கையில் அவளிடம் இவ்வளவு பெரிய பொய்யைச் சொன்னதில்லை. சொல்லித்தான் ஆக வேண்டும்.

வெள்ளிக்கிழமை காலையில் குச்சியை எடுத்துக்கொண்டு கிளம்பினார். அவருக்குப் பேரை வாயால் சரியாகச் சொல்ல வராது. குச்சியை நீட்டினால் போதும். திருநகர் நர்சரிக்காரன் குச்சியைப் படித்துவிட்டுச் சோற்றுக் கற்றாழையை எடுத்து வைத்து, இதேதான் என்றான். ஆசீர்வாதம் அவனை ஏற இறங்கப் பார்த்த பார்வையில், அவனே எடுத்து உள்ளே வைத்துக்கொண்டான். குளிர்ப் பிரதேசத்துச் செடியெல்லாம் ஆனையூரில் ராமக்காள் என்கிற அம்மாள்தான் கொடைக்கானலிலிருந்து இறக்குவாள் என்று பிறகு ஒத்துக்கொண்டான்.

வில்லாபுரத்துக்காரருக்கு ஆனையூர் ஊரின் மறுமுனை. இரண்டு பஸ் மாறி, விசாரித்து விசாரித்துப் போய்ச் சேர்ந்தபோது மத்தியானம் ஆகிவிட்டது. பச்சை வலைக்கு அடியில் ராமக்காள் மண் கலந்துகொண்டிருந்தாள். ஐம்பது வயசு இருக்கும். ஆசீர்வாதம் வாயைத் திறப்பதற்கு முன்பே அவர் கண்ணில் பட்டுவிட்டது. ஓரமாக, ஈரச் சாக்கின் மேல், தனியாக ஒன்று. அதே அளவு, அதே அடுக்கு.

"அந்தா இருக்கே, அது வேணும்."

"அது ஒருத்தருக்கு எடுத்து வச்சதுண்ணே. குடுக்க முடியாது. நாளைக்கு வாராக."

"வேற ஒண்ணு?"

"இந்த வெயிலுக்கு எங்கிட்டு நிக்கும்? சொன்னாத்தான் ஒண்ணே ஒண்ணு இறக்குவேன்."

ஆசீர்வாதம் கெஞ்சிப் பழகாதவர். முப்பத்தோரு வருஷம் மற்றவர்கள் கெஞ்சத்தான் கேட்டிருக்கிறார். இருந்தும் கெஞ்சினார். ஒரு பொம்பளைக்கு உயிர் போகிற விஷயம் என்றார். ராமக்காள் மண்ணைக் கலப்பதை நிறுத்தவில்லை. கடைசியில் அவர் சட்டைப்பையிலிருந்து குச்சியை எடுத்து அவள் முன்னால் நீட்டினார். இந்தப் பேர்தானா அது என்றாவது சொல், தெரிந்துகொண்டு போகிறேன் என்றார்.

ராமக்காள் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு குச்சியை வாங்கினாள். திருப்பிப் பார்த்தாள். அவள் முகம் மாறியது.

"முதல்லயே சொல்றதுக்கென்ன? ஜோசபின் அம்மா குடுத்து விட்டாகளா? நாளைக்கு நானே வாரேன்னு போன்ல சொன்னாகளே. நீங்க யாருண்ணே அவுகளுக்கு?"

ஆசீர்வாதம் செடியைப் பார்த்தார், அவளைப் பார்த்தார். வாழ்நாளெல்லாம் யாரிடமும் தன் உண்மையான விவரத்தை முதலிலேயே சொல்லாத பழக்கம் இப்போதும் கை கொடுத்தது.

"பக்கத்து வீடு" என்றார்.

"அப்பச் சரி." ராமக்காள் செடியை எடுத்து வந்தாள். ஐஸ் குச்சியை, ரொம்ப நாள் செய்து பழகின கையாக, அதன் மண்ணில் ஓரமாகச் செருகினாள். செய்தித்தாளைச் சுற்றி அவர் இரண்டு கையிலும் வைத்தாள். பிறகு, வேலிக்கு அந்தப் பக்கம் யாரும் இல்லையே என்று பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள்.

"இது ஒம்பதாவது செடிண்ணே, அவுக வீட்டுக்காரர் கண்ணுல மட்டும் படாமக் கொண்டுபோய்ச் சேத்துருங்க, அந்த மனுசன் இன்னும் இதை மகன் கொண்டுவந்த செடின்னே நம்பித் தினம் பேசிக்கிட்டு இருக்காராம், செத்துருச்சுன்னு தெரிஞ்சாத் தாங்க மாட்டாராம்."